கெசட்டியரில் இருந்தால் போதுமா?

பேஸ்புக்கில் சாதிச் சண்டையோ ஊர்ப் பெருமைச் சண்டையோ தொடங்கினால், பத்தாவது கமெண்டுக்குள் பழுப்பேறிய ஒரு பக்கத்தின் படம் வந்துவிடும். பழைய ஆங்கில அச்சு, நாலு வரிக்குச் சிவப்புக் கோடு, மேலே ஒரு வாசகம்: "வெள்ளைக்காரனே எழுதி வெச்சிருக்கான், பாத்துக்கோ." எதிர்த்தரப்பு சும்மா இருக்குமா? "நம்மைப் பிரிக்கத் திட்டம் போட்டு எழுதினது, எல்லாம் பொய்" என்று பதில் வரும். அடுத்த வாரம் வேறொரு சண்டையில் இதே ஆட்கள் இடம் மாறி நிற்பார்கள்.

அந்தப் பக்கங்கள் பெரும்பாலும் மாவட்ட மேனுவல், கெசட்டியர், எட்கர் தர்ஸ்டன் சாதிகளைப் பற்றி எழுதிய நூல் என்ற மூன்றில் ஒன்றிலிருந்து வெட்டப்பட்டவை. பிரிட்டிஷ் பேரரசு தன்னைப் பற்றியும் தான் ஆண்டவர்களைப் பற்றியும் எழுதிக் குவித்த புத்தகங்களில் நமக்கு மிக நெருக்கமானவை இவைதான். வேதவாக்காகவும் எடுத்துக்கொள்ளாமல், சதி என்றும் தள்ளாமல் இவற்றைப் படிக்க வேண்டுமானால், ஒரு தகவல் எப்படி அந்தப் பக்கத்துக்குப் போய்ச் சேர்ந்தது என்று முதலில் தெரிய வேண்டும்.

எதற்காக எழுதினார்கள்?

வீட்டுக் கடனுக்கு மனுப் போட்டால் வங்கி ஒரு மதிப்பீட்டாளரை அனுப்பும். அவர் டேப் பிடித்து அளப்பார். தெரு எத்தனை அடி, போர்வெல் உண்டா, கட்டி எத்தனை வருஷம் ஆச்சு, பத்திரம் யார் பேரில் என்று குறித்துக்கொள்வார். அறிக்கை பெரும்பாலும் சரியாகவே இருக்கும்; தப்பாக எழுதினால் நஷ்டம் வங்கிக்குத்தான். ஆனால் அந்த வீட்டில் யார் யாரோடு பேசுவதில்லை, பின்கட்டு யாருக்காகக் கட்டியது என்பதெல்லாம் அதில் வராது. அவர் கேட்கவும் மாட்டார். கேட்டாலும் வாசலில் நிற்பவர் சொல்வதை எழுதிக்கொண்டு போய்விடுவார். நூறு வருஷம் கழித்து ஒருவர் அந்த அறிக்கையைத் தூக்கிக்கொண்டு வந்து "இதுதான் இந்தக் குடும்பத்தின் வரலாறு" என்றால் எப்படி இருக்கும்?

கிழக்கிந்தியக் கம்பெனியின் எழுத்து இப்படித்தான் தொடங்கியது. 1799 மே மாதம் ஸ்ரீரங்கப்பட்டணம் விழுந்து திப்பு இறந்தார். அடுத்த ஏப்ரலிலேயே பிரான்சிஸ் புக்கானன் என்ற மருத்துவர் கவர்னர் ஜெனரல் வெல்லெஸ்லியின் உத்தரவுப்படி சென்னையிலிருந்து புறப்பட்டுவிட்டார். என்ன பயிர், என்ன மாடு, எந்த ஊரில் எத்தனை தறி, பாசனம் எப்படி, இரும்பு எங்கே உருக்குகிறார்கள் என்று கேட்டுக்கொண்டே போனார். மைசூர், கன்னடக் கரை, மலபாரோடு கோயம்புத்தூர், ஈரோடு, பவானிப் பக்கமும் வந்தார். 1807இல் அது மூன்று தொகுதிகளாக லண்டனில் அச்சானது. இன்று படித்தாலும் அசர வைக்கும் நுணுக்கம் அதில் உண்டு. ஆனால் புதிதாகக் கைக்கு வந்த சொத்தின் மதிப்பீட்டு அறிக்கை அது.

ஆள வந்தவர்கள், ஆள்வதற்குத் தேவை என்று சேகரித்து எழுதி வைத்ததைக் 'காலனிய ஆவணம்' என்கிறோம். இனி அந்தச் சொல்லையே பயன்படுத்துகிறேன்.

மேனுவல், கெசட்டியர்

மேனுவல் என்பது புதிதாக வரும் கலெக்டருக்கான கைப்புத்தகம். மாவட்டத்தின் நிலம், வரி, வரலாறு, சாதிகள், கோயில்கள் எல்லாவற்றையும் ஒரே கட்டாகத் தருவது. ஜே. எச். நெல்சன் எழுதிய மதுரை மேனுவல் 1868இல் வந்தது. திருச்சி, தென்னார்க்காடு, நீலகிரி, சேலம் என்று அடுத்த இருபது வருஷத்தில் வரிசையாக வந்தன. 1883இல் வந்த தஞ்சாவூர் மேனுவலை எழுதியவர் வெள்ளைக்காரரே இல்லை, டி. வெங்கசாமி ராவ். "வெள்ளைக்காரனே எழுதியிருக்கான்" கோஷ்டி இதையும் கவனிக்கலாம்.

கெசட்டியர் அடுத்த தலைமுறை. அரசாணைகள் வரும் கெசட் வேறு, இது வேறு. தமிழில் மாவட்ட விவரச்சுவடி என்பார்கள். இந்தியா முழுவதற்குமாக டபிள்யூ. டபிள்யூ. ஹன்டர் 1881இல் ஒன்பது தொகுதிகளில் ஒரு பேரரசுக் கெசட்டியரைக் கொண்டுவந்தார். 1909 வாக்கில் அது 26 தொகுதிகளாகப் பெருத்துவிட்டது. அந்தக் காலத்திலேயே சென்னை மாகாணத்தின் மாவட்டங்களுக்கும் தனித்தனிக் கெசட்டியர்கள் வந்தன. மதுரைக்கு டபிள்யூ. பிரான்சிஸ், தஞ்சைக்கு ஹெமிங்வே, இரண்டும் 1906. திருநெல்வேலிக்கு பேட், 1917. மேனுவலில் எழுதியவரின் குணம் தெரியும், கோபம் தெரியும், ஊர் சுற்றல் தெரியும். கெசட்டியரில் அத்தியாயத் தலைப்புகளைக்கூட மேலிடம் வகுத்துக் கொடுத்துவிடும். ஆள் மறைந்து அலுவலகம் பேசும். என்னைக் கேட்டால் மேனுவல்தான் சுவாரசியம்.

கணக்குப்பிள்ளை சொன்னது

சரி, ஒரு கலெக்டர் மாவட்டத்தில் இரண்டு மூன்று வருஷம் இருப்பார். அதற்குள் ஆயிரக்கணக்கான ஊர்களின் கதை அவருக்கு எப்படித் தெரியும்?

தெரியாது. கேள்வி மேலிருந்து கீழே போகும்: வருவாய் வாரியத்திலிருந்து கலெக்டருக்கு, கலெக்டரிடமிருந்து தாசில்தாருக்கு, அவரிடமிருந்து ஊர்க் கணக்குப்பிள்ளைக்கு. பதில் அதே வழியாக மேலே ஏறும். கணக்குப்பிள்ளை என்கிற கர்ணம் பரம்பரை உத்தியோகம். எந்தப் புஞ்சை யாருடையது, எந்த மானியம் எந்தக் கோயிலுக்கு என்பது அவர் ஏட்டில்தான் இருந்தது. (தமிழ்நாட்டில் இந்தப் பரம்பரைப் பதவி 1980இல்தான் ஒழிந்தது.) அவர் தமிழில் எழுதியதைத் தாலுகா குமாஸ்தா சுருக்குவார், கலெக்டர் கச்சேரியில், அதாவது அலுவலகத்தில், ஒருவர் மொழிபெயர்ப்பார், கடைசியில் துரை அதை நல்ல ஆங்கிலத்தில் எழுதுவார். ஒவ்வொரு படியிலும் கொஞ்சம் உதிரும், கொஞ்சம் ஒட்டிக்கொள்ளும்.

ஜோசையா ஸ்டாம்ப் என்ற பொருளியலாளர் 1929இல் இதைக் கிண்டலாகவே எழுதினார். அரசாங்கங்களுக்குப் புள்ளிவிவரத்தைச் சேர்த்து, கூட்டி, கனமூலம் கண்டு, வரைபடம் போடுவதில் அவ்வளவு ஆசை. ஆனால் அத்தனை எண்ணும் முதலில் ஊர்க் காவலாளியிடமிருந்து வருகிறது, அவனோ தனக்குத் தோன்றியதை எழுதுகிறான் என்பது அதன் சாரம். அவர் அதை இந்தியாவில் இருந்த ஓர் ஆங்கில நீதிபதியின் பேச்சாகத் தருகிறார்.

ஆனால் நக்கலடித்துவிட்டு நகர முடியாத விஷயம் ஒன்று இதில் இருக்கிறது. கேள்வி வெறும் ஆர்வத்தில் கேட்கப்படவில்லை. இந்த ஊரில் ஆதியிலிருந்து நிலத்துக்கு உரியவர்கள் யார், இந்த மானியம் எந்த ராஜா கொடுத்தது என்று கேட்டால், பதிலைப் பொறுத்து ஒருவருக்கு மிராசு என்கிற பரம்பரை நில உரிமை நிலைக்கும், இன்னொருவருக்குப் போகும். பதில் சொன்னவர்கள் யார்? எழுதத் தெரிந்தவர்கள், நிலம் வைத்திருந்தவர்கள், கோயில் நிர்வாகத்தில் இருந்தவர்கள். நாற்று நட்டவளை யாரும் கச்சேரிக்குக் கூப்பிட்டு ஊர் வரலாறு கேட்கவில்லை. ஆகவே துரை எழுதிய பல பக்கங்களில் கேட்பது உள்ளூர்க் குரல்தான். அதிலும் ஊரில் ஏற்கெனவே ஓங்கி இருந்தவர்களின் குரல்.

காலின் மெக்கன்சியின் கதையில் இது பளிச்சென்று தெரியும். நில அளவை அதிகாரியாக இருந்து 1815இல் இந்தியாவின் முதல் தலைமை நில அளவையாளர் ஆனவர். தெற்கில் ஊர் ஊராகக் கல்வெட்டு நகல், ஏடு, கைபீது என்று சேர்த்தார். கைபீது என்றால் ஓர் ஊரோ பாளையமோ தன்னைப் பற்றித் தானே எழுதிக் கொடுத்த வரலாறு. மெக்கன்சிக்கு இந்த மொழிகள் தெரியாது. உண்மையில் அலைந்தவர்கள் காவலி வெங்கட போரய்யாவும், அவர் 1803இல் இளவயதில் இறந்த பிறகு தம்பி லட்சுமய்யாவும், அவர்கள் அனுப்பிய ஆட்களும்தான். 1821இல் மெக்கன்சி இறந்தபின், விட்ட இடத்திலிருந்து நான் தொடர்கிறேன் என்று லட்சுமய்யா கேட்டார். அந்த வேலைக்கு அவர் தகுதி போதாது என்று கல்கத்தாவின் ஆசியக் கழகம் சொல்லிவிட்டது. இருபது வருஷம் அந்த வேலையைச் செய்தவரிடம்! அந்தச் சேகரத்தின் ஒரு பகுதி சென்னையில் அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகத்தில் இருக்கிறது. பெயர் இன்றும் மெக்கன்சி சுவடிகள்தான்.

இதுவரை பார்த்ததை ஒரு தடவை கோத்துக்கொள்வோம். கேள்வி நிர்வாகத்தின் தேவையிலிருந்து பிறந்தது. பதில், எழுதத் தெரிந்த, லாபநஷ்டம் உள்ள உள்ளூர்க்காரர்களிடமிருந்து வந்தது. அட்டையில் மட்டும் ஒரே பெயர்.

தர்ஸ்டனும் மூக்கும்

எட்கர் தர்ஸ்டன் மருத்துவம் படித்தவர். 1885இல் சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்தின் பொறுப்புக்கு வந்தார். முதலில் அவர் வகைப்படுத்தியது மன்னார் வளைகுடாவின் சிப்பி, சங்கு, மீன், பவளம். அப்புறம் நாணயங்கள். அதற்கும் பிறகுதான் மனிதர்கள். அந்த வரிசை எனக்குத் தற்செயலாகத் தோன்றவில்லை.

அப்போது ஐரோப்பாவில் மனித உடலை அளந்தால் இனம் தெரிந்துவிடும் என்று ஒரு நம்பிக்கை. அதில் பிரபலமானது மூக்கு விகிதம்: மூக்கின் அகலத்தை அதன் உயரத்தால் வகுத்து நூறால் பெருக்கினால் வரும் எண். சமூகப் படிநிலையில் மேலே போகப்போக இந்த எண் குறையும் என்று எச். எச். ரிஸ்லி என்ற அதிகாரி அடித்துச் சொன்னார். 1901இல் இந்திய அளவில் இனவியல் கணக்கெடுப்பு தொடங்கியபோது அதற்குத் தலைமை அவர்தான். சென்னை மாகாணத்துக்குத் தர்ஸ்டன். காலிப்பரும் உயரம் அளக்கும் கட்டையுமாகக் காடு மேடெல்லாம் போனார். மூக்கை அளந்து மனிதரைத் தரம் பிரிக்கும் அந்தச் சாஸ்திரத்தை அறிவியல் எப்போதோ குப்பையில் போட்டுவிட்டது.

அளக்கப்பட்டவர்கள் என்ன நினைத்தார்கள்? இதற்கும் தர்ஸ்டனே சாட்சி. 1909இல் ஏழு தொகுதிகளாக வந்த தென்னிந்தியச் சாதிகள், பழங்குடிகள் பற்றிய அவருடைய நூலின் முன்னுரையில் சொல்கிறார். வயநாட்டில் பணியர் பெண்கள் இவரைக் கண்டதும் ஓடிவிட்டார்கள். தங்களில் நல்லதாக நாலு பேரைப் பிடித்துப் பஞ்சடைத்துச் சென்னை மியூசியத்தில் வைக்கப்போகிறார் என்று பயம். நீலகிரியில் ஓர் இருளர், ஏதோ பழைய யானை வழக்கில் தேடப்பட்டவர், உயரம் அளக்கும் கட்டையைத் தூக்குமரம் என்று நினைத்து அருகே வர மறுத்தார். தர்ஸ்டன் இவற்றை வேடிக்கையாக எழுதுகிறார். பஞ்சடைக்கும் கதைக்கு, 'அப்படி மட்டும் முடிந்தால் மாதிரி உருவம் செய்கிற தொல்லை விட்டது' என்கிற தோரணையில் ஒரு ஜோக் வேறு. துரைக்குச் சிரிப்பு, ஓடியவர்களுக்கோ ஆளும் கூட்டம் எதையும் செய்யும் என்று தெரிந்திருந்தது. ஏழு தொகுதிகளில் எனக்கு முழு நம்பிக்கை வரும் பக்கம் இதுதான், ஏனென்றால் இதில் மட்டும் எதிரில் நின்றவரின் மனம் தவறிப்போய்ப் பதிவாகியிருக்கிறது.

அந்த நூலில் சாதிகள் ஆங்கில அகரவரிசையில் அடுக்கப்பட்டிருக்கின்றன, மியூசியத்தின் இழுப்பறைகள் மாதிரி. ஓர் ஊருக்குள் இவருக்கும் அவருக்கும் என்ன கொடுக்கல் வாங்கல், யார் யாரை நம்பிப் பிழைத்தார்கள் என்பது இந்த அடுக்கில் காணாமல் போய்விடும். அந்த வேலையில் கே. ரங்காச்சாரிக்கும் பங்கு உண்டு. அவர் பெயர் அட்டையில் உண்டு, 'உதவியுடன்' என்று. பணி முடிந்து இங்கிலாந்து திரும்பிய தர்ஸ்டன் சும்மா இருக்கவில்லை. கார்ன்வால் பகுதியின் மரங்களையும் செடிகளையும் வகைப்படுத்தி 1930இல் ஒரு புத்தகம் போட்டார்.

எழுதியது திரும்பி வந்தது

அறிக்கை எழுதியதோடு வங்கி நிற்பதில்லையே, அதை வைத்துத்தானே கடன் தரும், மறுக்கும். இங்கேயும் அப்படித்தான் ஆயிற்று. 1901 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் சாதிகளை மேல் கீழ் என்று அடுக்க முயன்றார்கள். முயன்றவர் அதே ரிஸ்லி. உடனே எங்களை ஒரு படி மேலே போடுங்கள், எங்கள் பெயரை இப்படி எழுதுங்கள் என்று மனுக்கள் குவிந்தன. 1911 கணக்கெடுப்பின்போது வங்காளத்தில் மட்டும் வந்த மனுக்களின் எடை ஒன்றரை மணங்கு என்று அங்கிருந்த அதிகாரி பதிவு செய்திருக்கிறார். நம் கணக்கில் ஐம்பது கிலோவுக்கு மேல். மனுவோடு ஆதாரம் வேண்டும். ஆதாரத்துக்குச் சாதி வரலாறுகள் எழுதி அச்சடித்தார்கள். அவற்றில் சில அடுத்த அரசாங்கப் புத்தகத்தில் மேற்கோளாக ஏறின. மக்கள் சும்மா அளக்கப்பட்டுக்கொண்டு நிற்கவில்லை, அளவுகோலைப் பிடித்து இழுக்கவும் செய்தார்கள்.

இழுக்க முடியாதவர்களின் கதை வேறு. மதுரைப் பக்கத்துக் கள்ளர்களின் காவல் முறை பற்றி இந்தப் புத்தகங்கள் விரிவாகவே எழுதின. ஊர்க்காவலுக்குக் கூலி, களவுபோன மாட்டை மீட்டுத் தரத் துப்புக்கூலி என்று ஒழுங்காக இயங்கிய ஓர் ஏற்பாடு. ஆனால் எழுதிய தொனியில் அது ஒரு சமூகத்தின் பிறவிக் குணமாகிவிட்டது. 1871இல் வடக்கே தொடங்கிய குற்றப் பரம்பரைச் சட்டம் 1911இல் சென்னை மாகாணத்துக்கும் வந்தபோது, அந்தத் தொனி சட்டத்துக்குத் தோதாக இருந்தது. பிறந்த சாதிக்காகவே கைரேகை வைக்க வேண்டும், இரவில் காவல் நிலையத்தில் ஆஜராக வேண்டும். உசிலம்பட்டிக்குப் பக்கத்தில் பெருங்காமநல்லூரில் 1920இல் கைரேகைப் பதிவை எதிர்த்து நின்றவர்கள் மீது துப்பாக்கிச் சூடு நடந்தது.

ஆக, காலனிய ஆவணம் இருந்ததைக் காட்டியதோடு நிற்கவில்லை. காட்டிய மாதிரியே ஆக்கவும் செய்தது. அதற்காக உட்கார்ந்து சதி செய்திருக்கத் தேவையில்லை. ஒருவர் சாவகாசமாக எழுதியதை இன்னொருவர் அவசரத்தில் சட்டமாக்கினால் போதும்.

எதை நம்பலாம்?

மழை அளவு, தானிய விலை, ஏரிப் பாசனப் பரப்பு, எந்த ஆண்டு வெள்ளம், எந்தச் சாலை எப்போது போட்டது: இவற்றைத் தாராளமாக எடுக்கலாம். தப்பாக இருந்தால் வரி வசூலே இடித்துவிடும் என்பதால் கவனமாக இருந்தார்கள். ஒரு சாதி எங்கிருந்து வந்தது, அவர்கள் 'குணம்' என்ன, இந்தக் கோயில் எத்தனை ஆயிரம் வருஷம் என்பதெல்லாம் கணக்குப்பிள்ளை சொன்னதோ, தலபுராணமோ, எழுதியவரின் யூகமோ. வரலாறாக எடுக்காதீர்கள், அந்தக் காலத்தில் யார் என்ன சொல்லிக்கொண்டார்கள் என்பதற்குச் சாட்சியாக எடுக்கலாம்.

அரசாங்கத்துக்குள்ளேயே ஒருவரோடு ஒருவர் மோதிய இடங்களைத் தேடிப் படியுங்கள். 1877 பஞ்சத்தில் நிவாரண வேலை செய்பவருக்கு நாளைக்கு ஒரு பவுண்டு தானியம் போதும் என்று, பஞ்சத்தைக் கவனிக்க இந்திய அரசு அனுப்பிய ரிச்சர்ட் டெம்பிள் முடிவு செய்தார். அரைக் கிலோகூட இல்லை. மாகாணத்தின் சுகாதார ஆணையர் கார்னிஷ் அது பட்டினி போடுவதுதான் என்று எதிர்த்து எழுதினார். இரண்டு பேரும் துரைகள்தான். மதுரை மேனுவல் எழுதிய நெல்சனும் பின்னால், சென்னை உயர் நீதிமன்றம் சமஸ்கிருதச் சட்ட நூல்களைப் பெரும்பாலான தமிழர்கள் மேல் திணிக்கிறது என்று சண்டை போட்டார்.

அலுவலக எழுத்தையும் சொந்த நினைவுக் குறிப்பையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பதும் நல்ல வழி. 1801 போர்ப் பதிவுகளில் மருது சகோதரர்கள் கிளர்ச்சிக்காரர்கள், அவ்வளவுதான். அந்தப் போரில் கம்பெனிப் படையில் இருந்த ஜேம்ஸ் வெல்ஷ் 1830இல் வெளியிட்ட நினைவுகளில் சின்ன மருது வேறு ஆள். வேல் எறியவும் வளரி என்கிற வளைதடி வீசவும் தனக்கு முதலில் கற்றுக் கொடுத்தவர் அவர்தான் என்று எழுதுகிறார். அதே மனிதரை வேட்டையாடும் படையில் பிறகு தானே இருந்ததையும், அவர் காயத்தோடு பிடிபட்டுத் தூக்கிலிடப்பட்டதையும் சங்கடத்தோடு சொல்கிறார். வளரியைப் பற்றிய நேரடிச் சாட்சி ஒன்று நமக்கு அந்தப் புத்தகத்தில் கிடைக்கிறது.

கடைசியாக ஒன்று. "மூன்று நூல்களில் இருக்கிறது" என்று ஒருவர் மூன்று படம் போட்டால் தேதியைப் பாருங்கள். 1901இல் சென்னை மாகாணக் கணக்கெடுப்புக்குத் தலைமை வகித்ததும், 1906 மதுரைக் கெசட்டியரை எழுதியதும் ஒரே பிரான்சிஸ். தர்ஸ்டன் 1909இல் எடுத்துக்காட்டும் நூல்களில் பழைய மேனுவல்களும், கணக்கெடுப்பு அறிக்கைகளும், பிரான்சிஸும் நிறைய. சுதந்திரத்துக்குப் பிறகு பி. எஸ். பாலிகா 1957 முதல் கொண்டுவந்த தஞ்சை, மதுரைக் கெசட்டியர்களும் பழையவற்றின் மேல் கட்டியவைதான். மூன்று சாட்சி என்று வந்து நிற்பவர்கள் பல சமயம் ஒரே கணக்குப்பிள்ளையின் மூன்று நகல்கள்.